திருத்திய ஒப்படை

"மண்டூர்த் துறையில் இறங்கும் புதியவருக்கு
உன் வீட்டுக்கு வழி சொல்.
ஒரு தாளில் எழுது. ஒரு தாளில் வரை.
ஒரு நிமிடம் பேசிப் பதிந்து அனுப்பு."

இவ்வளவையும் எழுத எனக்கு மூன்று இரவு.
புள்ளித்திட்டத்தில் கோடு போட்டு, அழித்து,
படத்துக்கு எத்தனை, குரலுக்கு எத்தனை,
எழுத்துப்பிழைக்கு எத்தனை கழிப்பது.
வலயப் பணிமனையில் ஒருவர் கேட்டார்,
"இது தமிழ்ப் பாடமா, சித்திரப் பாடமா டீச்சர்?"
சிரித்துவிட்டுக் கையொப்பம் வாங்கினேன்.

இருபத்தாறு பிள்ளைகள்.
எழுத்தில் எல்லாரும் ஒரே ஆள்:
"துறையிலிருந்து நேராகச் சென்று வலப்புறம் திரும்பவும்."
நான் பழக்கிய தமிழ்,
கஞ்சி போட்டு மடித்த தமிழ்.
அதில் ஒரு நாய்கூடக் குரைக்கவில்லை.

படத்தில் நாய் வந்தது.
பிருந்தாயினி அதற்குச் சிவப்பில் பல் வைத்திருந்தாள்.
யதுகுலன் தாளைச் சரித்து
படுவான்கரையை உச்சியில் போட்டிருந்தான்.
வடக்கு எங்கே என்றால்
"வீடு எங்கயோ அதுதான் டீச்சர் மேல."

குரல்கள் வந்த அன்று மழை.
களுவாஞ்சிக்குடி பஸ் தரிப்பில் ஒதுங்கிக் கேட்டேன்.
"ஒள்ளுப்பம் நடங்க, மறுகா கிறுகுங்க,
கிறுகினா ஒரு மதகு..."
பத்து வருடம் நான் வட்டமிட்டு வெட்டிய சொற்கள்
செருப்பில்லாமல் காதுக்குள் நடந்து போயின.
குரலில் சிவப்பு மை ஒட்டாது.

கடைசியாகக் கேதாரனுடையது.
பேச்சில்லை. ஐம்பத்தெட்டு வினாடி
சளக் சளக்கென்று தண்ணீர்,
முழங்கால் அளவிருக்கும், மறுகா இடுப்பு,
மூச்சு,
தூரத்தில் யாரோ: "பை நனையுது, தலையில வை."
அதோடு நின்றுவிட்டது.

எழுத்தில் அவனும் "நேராகச் செல்லவும்" தான்.
புள்ளித்திட்டத்தை எடுத்தேன்.
தெளிவு, ஐந்து. உச்சரிப்பு, ஐந்து.
தண்ணீருக்குக் கட்டம் இல்லை.

"இதில வழி எங்கடா?"
"மார்கழியில இதுதான் டீச்சர் வழி.
நீங்க மாசம் கேக்கல்லயே."

வகுப்பில் யாரோ சிரித்தார்கள்.
நான் சோக்குத் துண்டைத் தேடுவதுபோல் மேசைக்குக் குனிந்தேன்.

இரவு வினாவில் ஒரு வரி சேர்த்தேன்:
எந்த மாதம் என்பதையும் சொல்.
புள்ளித்திட்டம் இன்னும் அரைகுறைதான்.
நாளை படகில் வைத்து யோசிக்கலாம்,
படகு ஓடினால்.