சோற்றுக்கு ஏது துண்டு

களுதாவளையில் ஆறேகாலுக்கு ஏறினால்
கல்லடிப் பாலத்தில் வெயில் சுடுமுன்
கோட்டடிக்குப் போய்ச் சேரலாம்.
பைக்குள்:
வங்கிப் புத்தகத்தின் போட்டோகொப்பி,
பிள்ளையின் பிறப்புப் பதிவு,
அவரின் இறப்புப் பதிவு,
கிராம சேவகரின் கடிதம்
(போனமுறை திகதி பிழை,
ஒரு நாள் கூலி போனது),
ஒரு பார்சல் புட்டு.

காசு இருக்கிறது.
இல்லையென்று ஒருவரும் சொல்லவில்லை.
யதுர்ஷிகாவின் பெயரில்,
பதினெட்டு வயதுவரை,
நீதிமன்றக் கட்டளைக்குக் கீழே
வட்டியும் குட்டியுமாய் இருக்கிறது.
வருசத்துக்கு ஒருமுறை புத்தகம் பதிந்து தருவார்கள்.
பார்க்கலாம்.

குருக்கள்மடத்து வளைவில்
மண் ஏற்றின டிப்பர் அவரை அடித்தபோது
பின்சீட்டில் மூன்று கட்டு வெத்திலை.
றோட்டெல்லாம் பச்சையாய்க் கிடந்ததாம்.
நான் காணவில்லை.
எனக்குக் காட்டியது கணக்குத்தான்:
ஒரு நாள் உழைப்பு இவ்வளவு,
உயிரோடிருந்தால் இன்னும் இத்தனை வருசம்,
பெருக்கி,
அதில் அவர் தன் வயிற்றுக்கென்று எடுத்திருப்பதைக்
கழித்து.

செத்த மனிசன்
இனித் தின்னாத சோற்றையும்
கழித்துவிட்டார்கள்.

என் பங்கு கைக்கு வந்தது உண்மைதான்.
நொறுங்கிப்போன மோட்டார் சைக்கிளுக்கு
மிச்ச லீசிங் கட்டி முடித்தேன்.

இன்றைக்கு மோசன்.
"பிள்ளையின்ர நலனுக்கெண்டு மட்டும் சொல்லுங்க,
வேற கதை வேணாம்" என்றார் லோயர்.
நீதிபதி அம்மா கோபக்காரியில்லை.
பேனையை மூடி வைத்துவிட்டுத்தான் கேட்டார்:
என்னென்ன செலவு? துண்டு இருக்கா?

டியூசனுக்கு மாஸ்டர் எழுதித் தந்தது இருக்கு.
மூக்குக் கண்ணாடிக்குக் கடைக்காரன் தந்த
விலைத்துண்டு இருக்கு.
சோற்றுக்கு?
கீரி மீன் விற்பவன்
தராசைக் கவிழ்த்துவிட்டுப் போய்விடுவான்.
அரிசி கடனுக்கு வாங்கியது,
கடைக் கொப்பியில் என் பெயருக்கு நேரே
நீல மையில் கிடக்கிறது,
கிழித்துக்கொண்டு வர விடுவார்களா?
காய்ச்சலில் அவள் முட்டைப் பொரியல் கேட்ட இரவுக்கு
எந்தச் சமாதான நீதவான் கையொப்பம் வைப்பார்?

இதொன்றும் நான் சொல்லவில்லை.
ஓம் அம்மா, என்றேன்.

கண்ணாடிக்கு மட்டும் அனுமதி,
எண்ணாயிரத்து அறுநூற்றைம்பது.
வாங்கின துண்டைத் திரும்பக் காட்ட வேண்டும்.
டியூசனுக்குச் சத்தியக்கடதாசி போதாது,
அடுத்த தவணை.

வெளியே வாங்கில் அவன் இருந்தான்,
டிப்பர் ஓடினவன்.
மண்டூர்ப் பொடியன், லோகேந்திரன்.
அடுத்த கட்டடத்தில் அவனுக்கும் தவணை.
மூன்று வருசமாக அதே மின்விசிறி,
அதே முகங்கள்.
முதல் வருசம் என்னைக் கண்டால் கக்கூசுக்குள் போய்விடுவான்.
இன்றைக்கு எழும்பி இடம் தந்தான்.
அவன் கையிலும் ஒரு பொலித்தீன் பை,
அதற்குள்ளும் போட்டோகொப்பிகள்.

"காசு கிடைச்சுதா அக்கா?"
நிலத்தைப் பார்த்துத்தான் கேட்டான்.

இருக்கு, என்றேன்.

அவன் தலையாட்டினதைப் பார்த்தால்
பெரிய பாரம் ஒன்று இறங்கினது போலிருந்தது.
அதை அவனுக்கு நான் கொடுக்க நினைக்கவில்லை.
திருப்பி வாங்கவும் தெரியவில்லை.
புட்டை அவிழ்க்காமலே
பஸ்ஸுக்கு நடந்தேன்.

வங்கி இரண்டு கிழமை எடுத்தது.
கண்ணாடி வந்த பின்னேரம்
போட்டுக்கொண்டு அவள் எல்லாவற்றையும் வாசித்தாள்:
கலண்டரின் அடியில் அச்சகத்தின் பெயர்,
சவர்க்காரக் கடதாசி,
பிறகு
என் பையிலிருந்த புத்தகம்.

"அம்மா, இவ்வளவு காசா
எங்களிட்ட?"

புத்தகத்தை வாங்கி மடித்து வைத்தேன்.
கண்ணாடித் துண்டை எலி அரிக்கக் கூடாது.
அரிசி டின்னுக்குள் வைத்து மூடினேன்.
இடம் இருந்தது.