இடது தோள் வார்

செவ்வாய்க்கிழமைகளில் எனக்கு விடுப்பு.
அன்று மேடையில் திரை இருக்கும்,
திரைக்குள் நான்.

போர்த்தோவில், சந்தைக்குப் பின்னால், மாடியில் மதுக்கூடம்.
முதலாளி எவரிஸ்து என் உடம்பெங்கும்
வெள்ளைப் புள்ளிகளை ஒட்டி
நாற்பது நிமிடம் ஆடவிட்டார்.
எந்திரம் என்னைப் படித்துக்கொண்டது.
இப்போது நான் ஆடாத ஆட்டமும் அதற்கு வரும்.
எந்தப் பெயரில் கையெழுத்துப் போட என்று கேட்டேன்.
"இரண்டிலும் போடேன்."

அன்செல்மு, பகலில் மத்தி மீனை டப்பாவில் அடைப்பவன்.
தோனா மரெசியா, இரவில் அந்த வாடையைக்
கழுவிக் கழுவித் தோற்றவள்.
மரெசியா என்றால் கடற்காற்றின் உப்பு வாசம்.
வேறு வழியில்லாமல் வைத்த பெயர்.

இந்த வாரம் சீட்டு வாங்கினேன்.
அரிதாரம் இல்லாமல் கடைசி மேசையில்.
ஒருத்தி வந்து, என் எதிர் நாற்காலி
காலியா என்று கேட்டு எடுத்துப்போனாள்.

வந்தாள்.
என் இடுப்பு, என் கோணல் சிரிப்பு.
மூச்சு வாங்கவில்லை.
புருவத்தை மறைத்த பசை வியர்வையில் உரியவில்லை.
நாய் வேஷம் போட்டால் குரைத்தாக வேண்டும் என்பார்கள்.
இது வேஷமே போடாமல் குரைத்தது,
கைதட்டல் எங்கே விழும் என்றும் தெரிந்து.

இரண்டாம் பாட்டின் நடுவில்
வலது கையால் இடது தோளைத் தட்டி
எதையோ மேலே ஏற்றிவிட்டாள்.
கூட்டம் சீழ்க்கை அடித்தது.
மரெசியாவின் முத்திரை!

முத்திரையா?
அந்த உடை சுல்மிரா தனக்குத் தைத்தது.
அவள் தோள் அகலம், என்னுடையது சரிவு.
அதே வரியில் தினமும் வார் நழுவும்,
பிடிப்பேன்,
அவ்வளவுதான்.

திரையில் வார் நழுவவில்லை.
அங்கே எடை என்று எதுவும் கிடையாது.
விழவே விழாத ஒன்றை
விழாமல் பிடித்துக்கொண்டிருந்தாள்
அத்தனை அழகாக.
எனக்கு அழுகை வந்தது,
அவளுக்காகவா என்று தெரியவில்லை.

மறுநாள் மதிய இடைவேளையில்
தொழிற்சாலைக் கழிப்பறையில் கதவைத் தாழிட்டு
வாரைச் சுருக்கித் தைத்தேன்.
ஊசியிலும் மீன் வாடை.

இரவு. அதே பாட்டு. அந்த வரி.
வார் ஆணி அடித்தாற்போல் நின்றது.
கை மட்டும் கிளம்பிவிட்டது.

பாதி வழியில் அதைத் திருப்பி
காதுக்குப் பின்னால் சொறிந்தேன்.
சீழ்க்கை இல்லை.
முதல் மேசையில் யாரோ ஒருவர் சிரித்தார்.
மரெசியா சொறிந்து அதுவரை
யாரும் பார்த்ததில்லை.
நானும்.