திருத்தம்

விக்டோரியா தெரு நூலகம், பதினோராம் மாடி.
நுண்படச் சுருளை மாட்டிக் கைப்பிடியைச் சுழற்றினால்
கறுப்பு ஆகாயத்தில் வெள்ளை எழுத்தாக ஓடுகிறது
வடகரைத் தூதன்.
வெள்ளிதோறும். நான்கு பக்கம். பத்துக் காசு.

முதல் இதழின் தலைப்பிலேயே
வடகரை, வடக்கரை ஆகியிருந்தது.
ஆசிரியர் செபஸ்தியான் பகலில்
கப்பல்தளக் கிடங்கில் ஆணி எண்ணும் கிராணி.
கணக்குத் தப்பினால் தூக்கம் வராத மனிதர்
இரண்டாம் இதழில் ஒரு பெட்டி கட்டினார்: திருத்தம்.
பதின்மூன்று ஆண்டு
அந்தப் பெட்டி காலியாக இருந்ததே இல்லை.

அச்சுக் கோத்தவர் டான் கிம் லெங்.
சோங் பாங் சைக்கிள் கடையின் பின்னறை.
தமிழ் கேட்டால் புரியும், திட்டினால் நன்றாகப் புரியும்,
படிக்க மட்டும் வராது.
எழுத்துகளுக்கு அவரே பெயர் வைத்திருந்தார்.
ஜ, நத்தை.
ழ, வால் மடக்கிய பூனை.
ண மூன்று சக்கரம், ன இரண்டு.
நாமெல்லாம் தடுக்கி விழும் அந்த இடத்தில்
சைக்கிள் கடைக்காரர் ஒருநாளும் விழவில்லை.

பூனைகள் மொத்தம் நாற்பதுதான் இருந்தன.
பொங்கல் மலரில் வாழ்த்து பெருகிப் பூனை தீர்ந்ததும்
கடைசிப் பக்கத்துக்காரர்கள் நீடூழி வாழ முடியவில்லை;
ரொம்ப நாள் நல்லா இருந்தார்கள்.

*திருத்தம்: சென்ற வாரம் காலமானதாக வெளியிட்ட
பதினான்காம் மைல் அந்தோணிமுத்து
நேரில் வந்து மறுத்தார். தேநீர் அருந்திச் சென்றார்.*

*திருத்தம்: கொதிகலன் பிரிவு வாங்கியது ஐந்து கோல்.
மூன்று என்றது எங்கள் பரிவு.*

*திருத்தம்: வேலைநிறுத்தம் முடிந்தது என்றோம்.
முடியவில்லை.*

வெள்ளைக்காரன் தளத்தை மூடுகிறான் என்ற சேதியை
மூன்றாம் பக்கத்தில், பொடி எழுத்தில்,
ஒரு தைல விளம்பரத்துக்குக் கீழே போட்டார் செபஸ்தியான்.
அடுத்த வாரப் பெட்டியில் ஒரே வரி:
*அது முதல் பக்கத்தில் வந்திருக்க வேண்டும்.*

பிறகு சந்தா முகவரிகள் கப்பல் ஏறின.
பட்டுக்கோட்டை, நாகூர், தக்கலை.
ஒருவர் எழுதியிருக்கிறார்:
செம்பவாங்கில் மழை என்று நான் படிக்கும்போது
இங்கே கிணறு வற்றிக் கிடக்கிறது.
பரவாயில்லை, அனுப்புங்கள்.

எண் 671. ஆவணி முகூர்த்தம்.
மரத்தடி முருகன் கோயிலில் ஒரே காலையில் இரண்டு கல்யாணம்.
முகம் தெரிந்தவர் கிம் லெங், படங்களைச் சரியாகத்தான் வைத்தார்.
மாப்பிள்ளைகளின் பெயர்கள் மட்டும் இடம் மாறிவிட்டன.
என் அம்மா தையல்நாயகி,
பக்கத்தில் விறைத்த கழுத்தோடு என் அப்பா,
கீழே: குஞ்சிதபாதம், கொதிகலன் பிரிவு.

அடுத்த இதழ் வரும் வெள்ளி, என்கிறது அடிவரி.
வரவில்லை.
ஏன் நின்றது என்று சொல்ல இன்னோர் இதழ் வேண்டியிருந்தது.
சுருளில் அதற்கப்புறம் வெறும் வெளிச்சம்.

ஈசூன் வீட்டில் அம்மா கைப்பேசியை
விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள்.
“அப்பவே தெரியும். உங்கப்பா சைக்கிள எடுத்துக்கிட்டு
சண்டைக்குப் போனாரு.
அவரு சட்டகூடப் போடாம வெளிய வந்து,
அடுத்த வாரம் போட்டுர்றேன் தம்பின்னாராம்.”

அப்பாவின் மரண அறிவித்தல் போன ஆண்டு
நாளிதழில் பிழையின்றி வந்தது.
அந்தோணிமுத்துபோல
அவர் நேரில் வந்து மறுக்கவில்லை.

ஆகவே,
திருத்தம்: எண் 671, நான்காம் பக்கம், இரண்டாம் பத்தி.
மணமகன் பெயர் புகழேந்தி.
பூனை உட்பட.

வாசித்துக் காட்டினேன். அம்மா கேட்டதாகத் தெரியவில்லை.
“அந்த இன்னொரு பொண்ணு பேரு என்னன்னு பாரு.
பாவம், என் புருஷன் பேர வச்சுக்கிட்டு
அவ எந்த ஊருக்குப் போனாளோ.”

மறுபடி பதினோராம் மாடி.
தாளின் மடிப்பு சரியாக அவள் பெயர்மேல் ஓடுகிறது.
கைப்பிடியை மெல்ல, மெல்லத் திருப்புகிறேன்.
மிஞ்சியிருப்பது ஒரே எழுத்து.
மூன்று சக்கரம்.