இருபத்தெட்டாம் பெயர்

ஓய்வு பெற்று ஒன்பது வருடமாகிறது.
இன்னும் முப்பத்து மூன்று பெயர்களும்
வரிசை குலையாமல் நாக்கில் கிடக்கின்றன.
அகஸ்டாவில், மேய்ன் மாநில மேலவையில்
சட்டம் செய்தவர்கள் அவர்கள்.
கூப்பிட்டு, காத்திருந்து,
எழுதிக்கொண்டவன் நான்.

இருபத்தெட்டாவது: சிரோவா.
டெல்ஃபின் சிரோவா.
அந்தப் பெயரின் கடைசி எழுத்து எழுத மட்டும், சொல்ல அல்ல.
எனக்கு முன்பிருந்தவர்
அதையும் சேர்த்துக் கடித்துத் துப்புவாராம்.

முதல் தேர்தலில் நாற்பத்தொரு ஓட்டு வித்தியாசம்.
கார்வர் ஃபால்ஸ் தொலைபேசி நிலையத்தில்
பதினாறு வருடம் இணைப்புக் கொடுத்தவர்;
யார் யாரை நள்ளிரவில் அழைப்பார் என்று தெரிந்தும்
வாய் திறக்காதவர்.
அந்த நாற்பத்தொன்றும் அதற்காகத்தான் என்றார்கள்.

முதல் மசோதா, பாலத்துக்குக் கைப்பிடி.
இரண்டாவது, பள்ளிப் பேருந்துகளுக்கு வெப்பமூட்டி.
மூன்றாவது தோற்றது,
என்னவென்று எனக்கே நினைவில்லை.
கடிதங்களுக்கு அவரே பதில் எழுதுவார்
மதிய இடைவேளையில், ஆப்பிளைக் கடித்தபடி.
சாறு சொட்டிய பதில்களும் தபாலில் போயிருக்கின்றன.

பிறகு அந்தப் பிப்ரவரி.
ஆற்று மசோதா.
காகித ஆலை வெளியேற்றும் கழிவுக்கு வரம்பு.
நுரை பாலத்தின் கால்களில் ஏறி நிற்கும் ஊர் அது;
கோடையில் ஆற்றின் மூச்சுப் பட்டு
வீட்டுச் சுவர்களில் சாயம் உரியும்.
ஆலையின் வெளுப்பு அறையில் அவர் தம்பி ஆர்மாண்ட்.
தம்பியோடு இன்னும் ஆயிரத்து இருநூறு பேர்.

கூப்பிட்டேன்.
ஆம். இல்லை. இல்லை. ஆம்.
சிரோவா.

மிச்சம் ஐந்து பெயர்களையும் முடித்தேன்.
பதினாறுக்குப் பதினாறு.
சமம் என்றால் மசோதா சாகும்.
பதில் தராதவரை இன்னொரு முறை கூப்பிட வேண்டும், விதி.
மூன்றாம் வரிசையில்தான் இருந்தார்,
ஒரு கையுறையைக் கழற்றுவதும் போடுவதுமாக.

சிரோவா.

வெந்நீர்க் குழாய் சுவருக்குள் இரண்டு முறை தட்டியது.
'வரவில்லை' என்று எழுதினேன்.
கண்ணெதிரே இருந்தவரை
அப்படி எழுதியது அந்த ஒரு நாள்தான்.

மறுநாள் தம்பி ஒரு பெட்டி பியர் அனுப்பினானாம்.
திருப்பி அனுப்பினாராம்.
ஊர் சொன்னது. ஊர் எதைத்தான் சொல்லாது.

வாஷிங்டனுக்கு மூன்று முறை அனுப்பினார்கள்.
அங்கே பெரும்பாலும் பெயர் கூப்பிட ஆளில்லை.
அட்டையைச் செருகி விசையை அழுத்தினால்
சுவரில் பெயருக்கு நேராகப் பச்சையோ சிவப்போ எரியும்.
நாடு முழுவதற்குமான ஆற்றுச் சட்டம் வந்தபோது
பச்சை எரிந்தது, முதல் நிமிடத்திலேயே.
நான் தொலைக்காட்சியில் பார்த்தேன்;
எழுத ஒன்றுமில்லாமல்
கை பென்சிலைப் பிடித்திருந்தது.

நான்கு வருடத்தில் ஆலை மூடியது.
சட்டத்தாலா, பின்லாந்துக் காகிதத்தாலா,
அதைக் கணக்குப் பார்க்க யாருக்கும் பொறுமையில்லை.
அடுத்த தேர்தலில் மாவட்டம் கொஞ்சம் கைவிட்டது,
கார்வர் ஃபால்ஸ் முழுதாகக் கைவிட்டது.
ஆர்மாண்ட் வீட்டு வாசலில் எதிரணிப் பலகை.

போன அக்டோபரில் அந்தப் பாலத்தில் சந்தித்தேன்.
கைப்பிடியில் அவர் பெயருக்கு ஒரு பித்தளைத் தகடு,
கடைசி எழுத்து விடுபட்டிருந்தது.
"காதில் கேட்டபடி செதுக்கிவிட்டார்கள்,
உங்கள் உச்சரிப்பின் வினை" என்றார்.
கீழே இடுப்பளவுத் தண்ணீரில்
மூன்று பேர் தூண்டிலோடு நின்றார்கள்.
அதில் ஒருவருக்கு அவருடைய தோள்.
நானும் கேட்கவில்லை,
அவரும் காட்டவில்லை.

கொஞ்ச நேரம் கழித்துச் சொன்னார்:
"அன்று இரண்டாம் முறை கூப்பிட்டபோது
குரலைத் தாழ்த்தினீர்கள்."

"தொண்டை கட்டியிருந்தது" என்றேன்.

"ஆமாம், பிப்ரவரி" என்றார்,
கடை மூடுவதற்குள் உருளைக்கிழங்கு வாங்க வேண்டும் என்று
கைப்பிடியைப் பிடிக்காமலே நடந்து போனார்.