வரிசை எண் எழுபத்து மூன்று

கொக்கிரகுளம், திங்கட்கிழமை.
கலெக்டர் ஆபீஸ் காம்பவுண்டு ஓரம்
டிரான்ஸ்பார்மர் நிழல் நகர நகர
மடக்கு நாற்காலியை நகர்த்தி
மனு எழுதுகிறேன்.
பக்கம் ஐம்பது ரூபாய்.
பேனா என்னுடையது,
கஷ்டம் அவரவருடையது.

முக்கூடலில் இருந்து வந்திருந்தாள் பிரம்மசக்தி.
முப்பத்தோரு வருஷம் பீடி சுற்றிய கை.
பென்ஷன் வாங்கப் போன இடத்தில்
மெஷின் அவள் விரலை மூன்று தடவை முகர்ந்துவிட்டு
ஆள் இல்லை என்றதாம்.
ரேகை தேய்ந்துபோச்சு.

“சுருக்கமாச் சொல்லுங்க” என்றேன்.
அவள் வெள்ளத்தில் ஆரம்பித்தாள்.

ஆறு தெருவுக்குள் வந்த ராத்திரி,
தூளும் இலையும் கட்டிய மூட்டையைத் தலையில் வைத்து
கழுத்தளவுத் தண்ணியில் மேட்டுக்கு நடந்தது.
பாதி வழியில், மூட்டையா மகனா என்று
அவளைக் கேட்காமலே கை முடிவெடுத்தது.
போன தூளுக்கு ஏஜென்ட்
நாலு மாசம் கூலியில் பிடித்தது.

பேனாவை மூடினேன்.
“பென்ஷனுக்கும் வெள்ளத்துக்கும் என்ன சம்பந்தம்?”

“அத எடுத்துட்டா
இது வேற எவளோ ஒருத்தி மனுல்லா.”

எனக்கும் ஒரு காலத்தில்
கதை எழுதுகிற கிறுக்கு இருந்தது.
காலேஜ் நோட்டில் பதினோரு கதை.
என் கதைகளில் பஸ் நேரத்துக்கு வந்தது.
கடன்காரன் யாரும் கதவைத் தட்டவில்லை.
எங்கள் வீட்டில் தட்டினான்;
அதனால்தான் கதையில் விடவில்லை.
பதினொன்றும் திரும்பி வந்தன,
நானே ஸ்டாம்பு ஒட்டி அனுப்பிய கவர்களில்.
யாருக்கும் கால் தடுக்காத தெருவில்
எவர் நின்று திரும்பிப் பார்ப்பார்?

கஷ்டம் நல்லது என்று சொல்லமாட்டேன்.
சொல்கிறவர்கள்
இந்த வரிசையில் நின்றதில்லை.
போன தூள் போனதுதான்.

ஆனாலும் கேட்டேன்:
“அந்த ராத்திரிக்குப் பொறவு தைரியம் வந்துச்சா?”

“தைரியமா? அந்த எளவெல்லாம் தெரியாது.
ஏஜென்ட்ட கணக்கு நோட்டக் காட்டச் சொல்ல ஆரம்பிச்சேன்.
அதுக்கு முந்தி
அவன் மொகத்தப் பாத்ததே கெடையாது.”

எழுதினேன்.
‘மேற்கண்ட முகவரியில் வசித்து வருகிறேன்’ முடிந்ததும்
அடுத்த வரியிலேயே ஆறு உள்ளே வந்தது.
மூட்டை, மகன், நாலு மாசம், நோட்டு.
எதையும் சுருக்கவில்லை.
இரண்டாம் பக்கத்துக்கும்
முந்தானை முடிச்சிலிருந்து
ஐம்பதை எண்ணி வைத்தாள்.

கீழே கைநாட்டு.
ஊதா மையில் வழவழவென்று ஒரு வட்டம்.
வரியே இல்லை.
குறுக்கே, கத்தரி என்றைக்கோ வெட்டிய தழும்பு மட்டும்
வெள்ளையாய் ஒரு கோடு.

“இது எப்பம் பட்டது?” என்று
கேட்க வாயெடுத்தேன்.
உள்ளே மைக்கில்
எழுபத்து மூன்று என்று கூப்பிட்டார்கள்.