இடையில் ஒருவன்

மேலப்பாளையம் இலைக் கடை.
கோந்தியாவிலிருந்து மசூதுக்கு வரும் மெயிலில்
எப்போதும் இரண்டே வரி:
லோடு ஏற்றியாச்சு. பணம் போடவும்.
பன்னிரண்டு வருஷமாய் அதுதான்.

தென்காசிப் பக்கம் சாரல் விழுந்த வாரம்
ஒன்று வந்தது, சற்றே நீளமாய்.
மகளுக்குக் காய்ச்சல் விட்டதா என்று கேட்டு.
போன தவணை பிந்தியதற்கு
அந்தக் காய்ச்சலைத்தான் காரணம் எழுதியிருந்தார்.
கடைசியில், வங்கிக் கணக்கு மாறிவிட்டதாம்.

ஆறே முக்கால் லட்சம்.

இலை வரவில்லை.
ஹாமீம்புரத்தில் முறங்கள் மடியிலேயே சும்மா கிடந்தன.
எங்கே பணம் என்றது கோந்தியா.
எங்கே இலை என்றார் இவர்.
ஒருவரை ஒருவர் திருடன் என்று
ரெண்டு நாள் ஏசி ஓய்ந்தபின்
முகவரியை எழுத்தெழுத்தாக வாசித்தார்கள்.
எல் இருக்க வேண்டிய இடத்தில்
ஒல்லியாய் நின்றது ஓர் ஒன்று.

"சந்தேகமே வரலியாவே?"
பாளையங்கோட்டையில் ஏட்டு கேட்டார்.
"புள்ளைய விசாரிச்சிருந்தாம்லா," என்றார் மசூது.

இப்போது ஒவ்வொரு லோடுக்கும் போன்தான்.
கணக்கு எண்ணை இவர் சொல்ல அவர் சொல்ல
இரண்டு தடவை.
நேற்று, எண்கள் முடிந்ததும்
கோந்தியா கொஞ்சம் தயங்கி
முதல்முறையாகக் கேட்டது:
மகள் எப்படி இருக்கிறாள்?

சட்டென்று போனை வைத்துவிட்டார்.