மூன்றாம் குப்பி

விண்கலம் விழுந்த இடத்தில் புல் கருகியிருந்தது.
கஸாக் வெளியில் செப்டம்பர்.
முந்நூறு அடி தள்ளி ஒரு குதிரை
தலை நிமிர்த்திப் பார்த்தது,
மறுபடி மேயப் போய்விட்டது.

கூடாரத்துக்குள் உல்போல்சின்
கையுறை மாட்டிக்கொள்கிறாள்.
பன்னிரண்டு நாள்
காற்றில்லாத உயரத்தில் சுற்றியவை
அவள் முன்னே இருக்கின்றன:
மூன்று குப்பிகள்,
ஒவ்வொன்றின் அடியிலும் கொஞ்சம் தூசி.

தூசி என்று சொல்வது கண்ணின் சோம்பல்.
ஒவ்வொரு துகளும் ஒரு நீர்க்கரடி.
எட்டுக் கால்களையும் உள்ளே இழுத்து
உடம்பின் ஈரத்தையெல்லாம் விட்டுக்கொடுத்து
சுக்காய்க் கிடக்கிறது.

வாசல் துணியை விலக்கி
லாரிக்காரன் தொக்தார் கேட்கிறான்:
"செத்ததா, பிழைத்ததா?"
"இன்னும் முடிவு பண்ணவில்லை. தண்ணீர் வேண்டும் அதற்கு."
"என் ரேடியேட்டரும் இப்படித்தான்."

ஒரு சொட்டு.
முதல் குப்பியில் அரை மணியில் அசைவு.
சோம்பல் முறிப்பதுபோல்
ஒன்று, பிறகு ஒன்பது, பிறகு எண்ண முடியவில்லை.
இரண்டாவதில் பாதி.
மூன்றாவது
நேரே சூரியனைப் பார்த்துத் திறந்திருந்த குப்பி.
அதற்குக் கதிர் மட்டும்தான் போர்வை.
சொட்டு விட்டாள்.
தூசி நனைந்தது. அவ்வளவுதான்.

நான்காவதும் பெண்ணாகப் பிறந்ததும்
"மகனாகட்டும்" என்று பொருள்பட
அவளுக்கு இந்தப் பெயரை வைத்தார்கள்.
பள்ளியில், வங்கியில், விமான நிலையத்தில்
தன் பெயரைச் சொல்லும்போதெல்லாம்
வேறொருவனைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள்.
முப்பத்தாறு வருடக் கூப்பாடு.
அவன் வரவில்லை.
இவள் இருக்கிறாள்,
மைக்ரோஸ்கோப்பில் வலது கண்ணை வைத்து.

ஒரு மணி நேரம்.
தொக்தார் வைத்துவிட்டுப் போன தேநீரில்
பால் ஆடை கட்டிவிட்டது.
காற்று கூடாரக் கயிற்றை மீட்டியது.
படிவத்தில் இரண்டே கட்டங்கள்: உயிருள்ளவை, இறந்தவை.
இரண்டாவதில் அறுபத்தெட்டு என்று எழுதி
பேனாவை மூடும் நேரம்.

ஒரு நகம்.
பின்னங்கால் நகம்,
கண்ணாடியைப் பிறாண்டுகிறது.
கைநடுக்கமா? ஸ்லைடு நகர்ந்ததா?
மேசையிலிருந்து இரண்டு கைகளையும் எடுத்துவிட்டு
மூச்சையும் நிறுத்திப் பார்த்தாள்.
பிறாண்டியது.

எட்டை அடித்து ஏழாக்கினாள்.
முதல் கட்டத்தில் ஒன்று என்று எழுதப் போனவள்
எழுதாமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.
அது எதையும் சொல்ல வரவில்லை.
நட்சத்திரம் பற்றி ஒரு வார்த்தை இல்லை.
வாயைத் துழாவி
பக்கத்தில் மிதந்த பச்சைப் பாசி ஒன்றைக் குத்தி
உறிஞ்சத் தொடங்கியது.

"இருட்டுமுன் கிளம்பணும்" என்கிறான் வெளியே தொக்தார்.
"பொறு" என்கிறாள்.
"சாப்பிட்டுக்கொண்டிருக்கிறது."